பிரிக்காத உறை

— போனை ஃப்ரிட்ஜ்ல வைங்க, உஸ்தாத் ஃபிக்ரி. அப்புறம் உக்காருங்க.

— ஃப்ரிட்ஜ்லயா?

— வெண்டைக்காய்க்குப் பக்கத்துல இடம் இருக்கு. நீங்க எதையாவது பதிவு பண்றதா இருந்தா, கேக்கறவங்களுக்கு மோட்டார் சத்தம் மட்டும் கேக்கட்டும்.

— இன்ஸாஃப் ஹானிம், லிஃப்ட் ஓடாத கட்டடத்துல அஞ்சு மாடி ஏறி வந்திருக்கேன். எழுபத்தாறு வயசு. இருபத்திமூணு படம் எடுத்தவன். என்னைப் பார்த்தா ஒட்டுக்கேக்க வந்தவன் மாதிரியா இருக்கு?

— ஒட்டுக்கேக்க வர்றவங்க யாரும் அப்படித் தெரியவே மாட்டாங்க. தணிக்கை ஆபீஸ்ல முப்பத்திமூணு வருஷம் குப்பை கொட்டினவ சொல்றேன். கையில என்ன பொட்டி?

— பஸ்பூசா. ஸமாலிக்ல என் வீட்டுக்குக் கீழ இருக்கிற கடை. நெய் எப்படி வழியுது பாருங்க.

— முதல்ல நீங்க ஒண்ணு சாப்பிடுங்க.

— எனக்கு சர்க்கரை வியாதி.

— அப்ப மூடியே இருக்கட்டும். மூடி வைக்கிறதுக்கு நீங்க பேர் போனவராச்சே.

— வந்ததும் வராததுமாக் குத்தறீங்க.

— முப்பத்தெட்டு வருஷமா டிவியில என்னைக் குத்தறவர் நீங்க. 'கத்தரிக்கோல் ஹானிம்'னு பேர் வச்சதே நீங்கதான். என் பொண்ணுக்கு நிச்சயம் பண்ண வந்த சம்பந்தியம்மா, மாப்பிள்ளை சம்பளத்தைச் சொல்றதுக்கு முன்னாடி, 'உஸ்தாத் ஃபிக்ரி ஜஹ்ரான் படத்தோட கழுத்தை நெரிச்சது நீங்கதானா?'ன்னு கேட்டா. அப்பேர்ப்பட்ட மனுஷன் இன்னிக்கு இனிப்போட வந்து நிக்கிறார். ஆடு நனையுதுன்னு ஓநாய் குடையோட வந்தா, ஆடு என்ன பண்ணணும்?

— பழைய கதை எதுக்கு. வியாழக்கிழமை விழா. கேள்விப்பட்டிருப்பீங்க.

— சுவர் முழுக்க உங்க முகம்தானே. பஸ் ஸ்டாப்ல உங்க மூக்கு மேல எவனோ கணக்கு டியூஷன் நோட்டீஸ் ஒட்டிட்டான்.

— வாழ்நாள் சாதனைக்கான கௌரவம். அமைச்சர் வர்றார். பாரிஸ்ல இருந்து ரெண்டு பேர் வர்றாங்க. உங்க ஆபீஸ் கிடங்கை இடம் மாத்தினப்ப என் 'வெள்ளை உடுப்பு' படத்தோட பிரதி கிடைச்சுதே, அதைத் துடைச்சு, தூசி தட்டி, அன்னிக்குத்தான் முதல் முதலா ஓட்டப் போறாங்க. அதுக்கு முன்னாடி, மேடையில, அந்த உறை.

— எந்த உறை? பதிவுக்குக் கேக்கறேன்.

— உலகத்துக்கே தெரிஞ்ச உறை, ஹானிம்! என் வரவேற்பறையில சட்டம் போட்டு மாட்டியிருக்கிற பழுப்பு உறை. மடிப்பு மேல அரசாங்கக் கழுகு முத்திரை, ஓரத்துல அனுப்பினவங்கன்னு உங்க பேர். என் படத்தை உங்க ஆபீஸ் தடை பண்ணி அனுப்பின உறை. நான் பிரிக்கல. 'கொடுங்கோலனோட கடிதத்தைப் படிக்கிறதே அவனுக்குச் செய்யற மரியாதை'ன்னு சொல்லிட்டேன். வரலாறு சாட்சி.

— அதுக்கு வெளிநாட்டுல ஒரு விருதுகூடக் குடுத்தாங்களே. படத்துக்கு இல்ல, உறைக்கு.

— ரெண்டு விருது.

— மன்னிக்கணும். ரெண்டு.

— வியாழக்கிழமை அமைச்சர் வெள்ளிக் கத்தரிக்கோலால அதை வெட்டித் தருவார். உள்ள இருக்கிற தடை உத்தரவை நான் சத்தமாப் படிக்கணும். நேரடி ஒளிபரப்பு. மண்டபமே எந்திரிச்சு நிக்கும்.

— நல்ல ஏற்பாடுதானே. அதுக்கு என் வீட்டு அஞ்சு மாடி எதுக்கு?

— அந்த உறை எப்படி வந்துச்சுன்னு உங்களுக்குத் தெரியுமா, ஹானிம்? விடியற்காலை. பனி. மூணு பேர். தோல் கோட்டு. கதவைத் தட்டின தட்டுல சுவர்ல இருந்த கடிகாரம் நின்னுபோச்சு. நான் திறந்தேன். நெஞ்சை நிமித்திக்கிட்டு, 'சுடறதா இருந்தா இங்க சுடுங்க'ன்னேன். உறையை நீட்டினாங்க.

— முதல் பேட்டியில ஒருத்தர்னு சொன்னீங்க. ரெண்டாயிரமாவது வருஷம் ரெண்டு பேர் ஆனாங்க. இப்ப மூணு. கோட்டு எப்பத்துலருந்து?

— கோட்டு முதல்லருந்தே இருக்கு. பனிக்காலம் இல்லையா.

— அது ஜூன் மாசம், உஸ்தாத்.

— ஜூன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?

— கடிதத்துல கையெழுத்துப் போட்டவளுக்குத் தேதி தெரியாதா?

— அங்கதான் வர்றேன். அந்தக் கடிதத்துல நீங்க என்ன எழுதினீங்க?

— வியாழக்கிழமை நீங்களே படிச்சுக் காட்டப் போறீங்களே. நானும் டிவியில பார்த்துக்கறேன்.

— ஹானிம், விளையாடாதீங்க.

— யார் விளையாடறா? வந்து அரை மணியாச்சு. விழாக் கதை சொன்னீங்க, கோட்டுக் கதை சொன்னீங்க, நான் வச்ச காப்பியை ஒரு வாய் குடிக்கல. கோப்பையை மூணு தடவை மோந்து பார்த்தாச்சு. உங்களுக்கு என்ன வேணும்?

— ...போன வாரம் அந்த உறையைப் பிரிச்சேன்.

— என்னது?

— கெட்டில் ஆவியில காட்டி. முத்திரை கலையாம. தப்பா நினைக்காதீங்க, ஒத்திகைக்காகத்தான். படிக்கும்போது கோப முகமா, துக்க முகமா, மன்னிச்சுட்ட முகமா, எதை வைக்கிறதுன்னு முன்னாடியே தெரிய வேண்டாமா? நேரடி ஒளிபரப்பு. இதோ கடிதம். படிங்க.

— கண்ணாடியை எடுத்துக்கறேன். ம்... 'வெள்ளை உடுப்பு என்ற திரைப்படம் முழுமையாகப் பார்க்கப்பட்டது. வெட்டு எதுவும் தேவையில்லை. எல்லா வயதினரும் பார்க்கலாம். அனுமதிச் சீட்டு இத்துடன் இணைக்கப்பட்டுள்ளது.' ஆமா. இதான்.

— இதானா?

— இதேதான்.

— எல்லா வயதினரும்! குழந்தைங்ககூட!

— குழந்தைங்களுக்கும் பிடிச்சிருக்கும்.

— மாத்தி வச்சுட்டாங்க, ஹானிம். நிஜக் கடிதத்தை உருவிட்டு இதைச் சொருகிட்டாங்க. யார் வேலைன்னு ஒரு வாரமா யோசிக்கிறேன். தௌலத், என் முதல் சம்சாரம், அவகிட்ட இன்னும் வீட்டுச் சாவி இருக்கு. இல்லேன்னா விமர்சகன் லபீப். என் சோஃபாவுல ரெண்டு மாசம் படுத்துக் கிடந்தவன், அந்த உறைக்கு நேர் கீழ. இல்லேன்னா...

— சொல்லுங்க.

— இல்லேன்னா நீங்க.

— நான் ஸமாலிக் வரைக்கும் வந்து, உங்க வீட்டுச் சட்டத்தைக் கழட்டி, கெட்டில் போட்டு?

— அரசாங்கத்துல இருந்தவங்களுக்கு என்னதான் முடியாது?

— இந்தக் கையெழுத்தைப் பாருங்க. கடைசி எழுத்துக்கு ஒரு வால் இருக்கு பாருங்க, சுருண்டுக்கிட்டு. வேலைக்குச் சேர்ந்த புதுசுல அப்படித்தான் போடுவேன். ஒரு வருஷத்துல விட்டுட்டேன், கோப்புக்கு அது அழகு இல்லன்னு மேலதிகாரி திட்டினார். இன்னிக்கு நான் நினைச்சாலும் அந்த வால் வராது. இது அன்னிக்குப் போட்ட கையெழுத்து. அன்னிக்கு எழுதின கடிதம்.

— அப்ப படத்தைத் தடை பண்ணவே இல்லையா?

— ஒரு நாள்கூட இல்ல. இருங்க, இப்ப நான் கேக்கறேன். நீங்க இத்தனை வருஷம் நிஜமாவே பிரிக்கலையா?

— நிஜமாத்தான். எங்கம்மா கபர் மேல ஆணை.

— யா ரப்பி! நான் என்ன நினைச்சேன் தெரியுமா? இந்த ஆள் கையில அனுமதிச் சீட்டு இருக்கு. படத்தை வெளியிடாம ஒளிச்சு வச்சுக்கிட்டு, நம்மளைத் திட்டறான். உள்ள ஏதோ சதி இருக்குன்னு உங்க மேல ஒரு கோப்பே திறந்தேன். 'உள்நோக்கம் தெரியவில்லை'ன்னு வருஷா வருஷம் ஒரு வரி எழுதி மூடுவேன். முப்பது வரி இருக்கு அதுல.

— என் மேல கோப்பா? பார்த்தீங்களா, நான் அப்பவே சொன்னேன் என்னைக் கண்காணிக்கிறாங்கன்னு! யாரும் நம்பல.

— சந்தோஷப்படாதீங்க. உங்களைக் கண்காணிச்சது நான் ஒருத்திதான்.

— சரி, தடை இல்லன்னு தெரிஞ்ச நீங்க ஏன் வாயைத் திறக்கல? ஒரு பத்திரிகைக்கு ஒரு வரி சொல்லியிருக்கலாமே?

— மேலதிகாரிக்குக் குறிப்பு எழுதினேன். 'இப்படி ஒரு தடை நாம் விதிக்கவில்லை'ன்னு. ஓரத்துல சிவப்பு மையில 'இருந்துட்டுப் போகட்டும்'னு எழுதித் திருப்பி அனுப்பினார். ஏன்னா அதுக்கு முந்தின வாரம்தான் அமைச்சர் ஒரு கூட்டத்துல, 'நம்ம தணிக்கை யாருக்கும் பயப்படாது, ஃபிக்ரி ஜஹ்ரானையே தடை பண்ணியிருக்கோம்'னு மார் தட்டியிருந்தார். அப்புறம் யார் போய் இல்லன்னு சொல்றது? அடுத்த வருஷம் எனக்குப் பதவி உயர்வு. 'உறுதிக்காக'ன்னு போட்டிருந்தாங்க.

— தடை பண்ணாத படத்துக்கா?

— நீங்க தடை ஆகாத படத்துக்கு விருது வாங்கலையா? ஆளுக்கு ஒரு பக்கமா அதே மாட்டைத்தான் கறந்திருக்கோம்.

— நான் தெரிஞ்சு கறக்கல.

— பிரிச்சுப் பார்த்திருந்தா தெரிஞ்சிருக்கும்.

— எதுக்குப் பிரிக்கணும், ஹானிம்? நீங்க எந்த நாட்டுல இருக்கீங்க? இந்த ஊர்ல எந்த அனுமதி வீடு தேடி வந்திருக்கு? என் பிறப்புச் சான்றிதழுக்கு எங்கப்பா ஆபீஸ்ல ஏழு ஜன்னல் முன்னாடி வரிசையில நின்னார். நல்ல சேதின்னா நாமதான் போகணும். 'அந்த அம்மா தொழப் போயிருக்காங்க, நாளைக்கு வா'ம்பான். நாளைக்குப் போனா 'முத்திரை போடறவர் லீவு'ம்பான். டீக்காசு குடுத்து, கெஞ்சி, சண்டை போட்டு, மேசையிலருந்து பிடுங்கிட்டு வந்தாத்தான் அதுக்கு அனுமதின்னு பேர். வீடு தேடி வர்றது எது? வரி. சம்மன். பட்டாளத்துக்கு ஆள் எடுக்கிற உத்தரவு. கழுகு முத்திரை குத்தின பழுப்பு உறை தானா நடந்து வந்து கதவுக்கு அடியில கிடந்தா, அது தடைதான். பச்சைக் குழந்தைகூடச் சொல்லும்!

— கதவுக்கு அடியிலயா?

— ...ஒரு பேச்சுக்குச் சொன்னேன்.

— நீங்க கதவைத் திறந்து நெஞ்சைக் காட்டினீங்களே. மூணு பேர் கையில குடுத்தாங்களே.

— அதான். குடுத்தாங்க. அப்புறம் கீழ விழுந்துச்சு.

— சரி. பதிவுல இருக்கட்டும்.

— இப்ப விஷயத்துக்கு வருவோம், ஹானிம். எனக்கு ஒரு தடை உத்தரவு வேணும்.

— என்ன வேணும்?

— பழைய தேதி போட்டு. 'வெள்ளை உடுப்பு தடை செய்யப்படுகிறது'ன்னு நாலு வரி. பழைய தாள் நான் கொண்டு வந்திருக்கேன், என் ஆரம்பகாலத் திரைக்கதை ஒண்ணுல பின்பக்கம் காலியா இருந்த தாள், நல்லா மஞ்சளாயிருக்கு. நீங்க எழுதிக் கையெழுத்துப் போட்டா போதும். அப்புறம் முத்திரை.

— முத்திரைக்கு நான் எங்க போவேன்?

— லபீப் சொன்னான், நீங்க ஓய்வு பெறும்போது ஒரு பழைய கழுகு முத்திரையை...

— போதும்! இதுக்குத்தான் போனை ஃப்ரிட்ஜ்ல வைக்கச் சொன்னேன். கழுகு முத்திரை வீட்டுல இருந்தா எத்தனை வருஷம் உள்ள போடுவான் தெரியுமா? யார் அனுப்பினா உங்களை? நிஜமாச் சொல்லுங்க. லபீபா? இல்ல, என் இடத்துக்கு வந்தானே அந்தப் பயலா?

— யாரும் அனுப்பல! சட்டைப் பையைப் பாருங்க, பேனாவைக் கழட்டிப் பாருங்க. வேணும்னா ஷூவைக்கூட...

— ஷூ வேண்டாம். என்ன சத்தம் அது?

— உங்க ஃப்ரிட்ஜ் அடிக்குது.

— என் ஃப்ரிட்ஜ் இல்ல, உங்க போன். எடுங்க. எனக்கும் கேக்கிற மாதிரி சத்தத்தைப் போட்டு, இங்கயே நின்னு பேசுங்க.

— ஹலோ... ஆமாம்மா, ஃபிக்ரிதான்... இன்னிக்கேவா? நாளைக்குன்னு சொன்னீங்களே... ஆறு மணிக்கா... இல்ல இல்ல, சுவர்லதான் இருக்கு, பத்திரமா... வாங்க, வாங்க... கேட்டீங்களா, ஹானிம்? விழாப் பொண்ணு. கண்ணாடிப் பேழை தயாராயிருச்சாம். இன்னிக்கு ஆறு மணிக்கு வந்து உறையை எடுத்துட்டுப் போறாங்களாம். இப்ப மணி நாலு.

— உறைக்குள்ள இருக்கிற கடிதம்?

— உங்க கையில.

— அப்ப வியாழக்கிழமை அமைச்சர் காலி உறையை வெட்டுவார். அதுவும் கலைதானே. பாரிஸ்காரங்க கை தட்டுவாங்க.

— சிரிக்காதீங்க. என் நிலைமை புரியலையா உங்களுக்கு? அந்தப் படத்துக்கு அப்புறம் இருபத்திரெண்டு படம் எடுத்தேன். எல்லாம் என்ன படம்னு உங்களுக்கே தெரியும்.

— தெரியும். இருபத்திரெண்டையும் பார்க்க வேண்டியது என் தலையெழுத்து. 'மாமியார் அலெக்ஸாண்ட்ரியாவில்' படத்துல மூணு நிமிஷ இடுப்பாட்டத்தை வெட்டினேன். தொண்ணூறு நிமிஷத்தையும் வெட்டியிருக்கணும், அன்னிக்கு மனசு இளகிடுச்சு.

— ஒவ்வொரு குப்பைப் படம் வந்தப்பவும் ஜனங்க என்ன சொன்னாங்க? 'பாவம், என்ன பண்ணுவார், அந்த ஒரு படத்தை விட்டிருந்தா இந்த மனுஷன் எங்கயோ போயிருப்பார்.' லபீப் என்னைப் பத்தி ஒரு புத்தகமே எழுதினான், 'வாய் கட்டப்பட்டவன்'னு. அந்த உறைதான் என் முதுகெலும்பு, ஹானிம். வியாழக்கிழமை அதுக்குள்ளருந்து 'எல்லா வயதினரும் பார்க்கலாம்'னு வந்துச்சுன்னா நான் யாரு? யாருமே தடுக்காம, தானா விரும்பி, இருபத்திரெண்டு இடுப்பாட்டப் படம் எடுத்த கிழவன். அவ்வளவுதான்.

— இன்னிக்குத்தான் நீங்க முதல் தடவையா உண்மை பேசறீங்க.

— அப்ப எழுதித் தருவீங்களா?

— இருங்க, மைசூர் பருப்பு டப்பாவை எடுத்துட்டு வர்றேன்.

— பருப்பு எதுக்கு?

— பருப்புக்குள்ளதான் முத்திரை இருக்கு. அப்படிப் பார்க்காதீங்க. எத்தனை தடவை வீட்டைச் சோதனை போட்டாலும் இந்த ஊர் போலீஸ்காரன் பருப்புல கை விட மாட்டான், பொண்டாட்டி வேலைன்னு நினைப்பான். இதோ. நீங்க ஏமாத்தினீங்கன்னா உள்ள போறது ரெண்டு பேரும்தான், ஞாபகம் இருக்கட்டும். தாளைக் குடுங்க. காரணம் சொல்லுங்க.

— என்ன காரணம்?

— காரணம் இல்லாம தடை எழுத முடியாது, உஸ்தாத். பொய்த் தடையா இருந்தாலும் முறைன்னு ஒண்ணு இருக்கு. ஒழுக்கம், மதம், அரசின் நலன். மூணுல எது கெட்டுச்சு?

— ஒழுக்கம்னு போடுங்க. அதான் கேக்க நல்லா இருக்கும். ஒரு முத்தம் இருக்குமே?

— இல்ல.

— படுக்கையறை?

— இஸ்திரிக் கடை மட்டும்தான். தொண்ணூத்தாறு நிமிஷமும்.

— அப்ப அந்தக் கதாநாயகி... ஈர உடுப்பு...

— கதாநாயகியே கடைசி மூணு நிமிஷம்தான் வர்றா. கோட்டு மாட்டிக்கிட்டு. உங்க படத்தை நீங்க பார்த்திருக்கீங்களா?

— எடுத்து முப்பத்தெட்டு வருஷமாச்சு! பேட்டியில கேக்கறதெல்லாம் உறையைப் பத்தித்தான், படத்தைப் பத்தி எவன் கேட்டான்? சரி, மதம். ஒரு ஷேக்கைக் கிண்டல் பண்ணியிருப்பேனே, அந்த வயசுல?

— ஷேக் வர்றார். தொப்பியைத் தேய்க்கக் குடுக்கிறார். நன்றி சொல்லிட்டுப் போறார்.

— அரசாங்கம். போலீஸ்காரன் ஒருத்தன் இருந்தான், எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு!

— இருக்கான். மழையில நனைஞ்ச சட்டையை இஸ்திரிக்காரர் சும்மா தேய்ச்சுக் குடுக்கிறார். அவன் வெட்கப்பட்டுட்டு ரெண்டு ஆரஞ்சு வச்சுட்டுப் போறான்.

— அதை லஞ்சம்னு எழுதலாமா?

— ரெண்டு ஆரஞ்சை?

— அப்ப இஸ்திரிப் பெட்டி! பெட்டிதான் அரசாங்கம்னு போடுங்க. மக்களை நசுக்கித் தேய்க்குது. சுருக்கமே இருக்கக்கூடாதுங்குது. அந்த வெள்ளை உடுப்புதான் அரசியலமைப்புச் சட்டம், ஆணியில தொங்கவிட்டுட்டாங்க! ஐயோ, எவ்வளவு பெரிய படம் எடுத்திருக்கேன்!

— அது கல்யாண உடுப்பு, உஸ்தாத்.

— குறியீடு, ஹானிம், குறியீடு!

— கல்யாண உடுப்பு. ஷுப்ராவுல ஒரு இஸ்திரிக் கடை. ஒரு பொண்ணு கல்யாண உடுப்பைத் தேய்க்கக் குடுத்துட்டுப் போறா, திரும்பி வரல. ஏழு மாசம் ஆணியில தொங்குது. தெருவே ஆளுக்கு ஒரு கதை கட்டுது. மாப்பிள்ளை ஓடிட்டான்னு ஒருத்தி. பொண்ணு நைல்ல குதிச்சுட்டான்னு ஒருத்தன். இஸ்திரிக்காரர்தான் என்னமோ பண்ணிட்டார்னுகூடப் பேச ஆரம்பிச்சுடறாங்க. அவர் யாருக்கும் பதில் சொல்றதில்ல. தினம் சாயங்காலம் அந்த உடுப்புல தூசி தட்டிட்டுக் கடையைச் சாத்தறார்.

— ம்.

— கடைசியில அவ வர்றா. தெருவே மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நிக்குது. அவ, 'அம்மாவுக்கு உடம்பு சரியில்ல, ஊருக்கு, தாந்தாவுக்குப் போய் இருந்துட்டேன், இப்பத்தான் தேதி வச்சோம்'னு சொல்லிட்டு உடுப்பை வாங்கிட்டுப் போயிடறா. அவ்வளவுதான். யாருக்கும் நம்ப முடியல. ஒவ்வொருத்தரா உள்ள போயிடறாங்க. இஸ்திரிக்காரர் திரும்பி அந்த வெறும் ஆணியைப் பார்க்கிறார். ரொம்ப நேரம் பார்க்கிறார். அப்புறம் தன் சட்டையைக் கழட்டி அதுல மாட்டிட்டு, விளக்கை அணைக்கிறார்.

— அப்படியா முடியுது?

— அப்படித்தான் முடியுது.

— நல்லா இருக்கே... நானா எடுத்தேன்?

— நீங்கதான். காரணம் கேட்டேன், இன்னும் சொல்லல. மணி நாலேகால்.

— இவ்வளவும் எப்படி ஞாபகம் இருக்கு உங்களுக்கு? முப்பத்தெட்டு வருஷத்துல ஆயிரம் படம் பார்த்திருப்பீங்க. ஆரஞ்சு ரெண்டுங்கறதுகூடச் சொல்றீங்க. யாராவது சமீபத்துல போட்டுக் காட்டினாங்களா? லபீப் வந்தானா இங்க?

— யாரும் வரல. அன்னிக்கு ஒரு தடவை பார்த்ததுதான். சரி, காரணம் நானே ஏதாவது போட்டுக்கறேன். எழுதி, முத்திரை குத்தித் தர்றேன். ஆனா அதுக்கு முன்னாடி ஒண்ணு கேக்கணும். மூணு பேரு, பனி, தோல் கோட்டு, நெஞ்சு, அதெல்லாம் டிவிக்கு இருக்கட்டும். எனக்கு மட்டும் சொல்லுங்க. அன்னிக்கு நீங்க பார்த்தது என்ன?

— எதுக்குக் கேக்கறீங்க? பதிவுக்கா?

— இல்ல. பதிவுக்கு இல்ல.

— ...நான் கதவைத் திறக்கல, ஹானிம். சாயங்காலம், நாலரை இருக்கும். வாசல் மணி அடிச்சுது. கதவுக்குப் பின்னால வெறுங்காலோட மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நின்னேன். கீழ இடுக்குல நிழல் தெரிஞ்சுது. ரெண்டு கால். உறை உள்ள வந்துச்சு. ஆனா அந்தக் கால் போகல. பத்து நிமிஷம் இருக்கும். அப்பவே எனக்குத் தெரிஞ்சுபோச்சு, உளவுத்துறைதான்னு. கடிதம் குடுக்க வந்தவன் குடுத்துட்டுப் போவான். வேற யாரு அவ்வளவு நேரம் ஒரு மூடின கதவு முன்னாடி நிப்பாங்க?

— வேலைக்குச் சேர்ந்து நாலாவது மாசம், உஸ்தாத். இப்பேர்ப்பட்ட படம் எடுத்த மனுஷனை எங்க ஆபீஸ் ஜன்னல் ஜன்னலா அலைய விடக்கூடாதுன்னு, பஸ் ஏறி அந்த உறையை நானே கொண்டு வந்தேன். படம் எவ்வளவு பிடிச்சிருந்துச்சுன்னு நேர்ல ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போகலாம்னுதான், எப்படி ஆரம்பிக்கிறதுன்னு தெரியாம அவ்வளவு நேரம் நின்னுக்கிட்டிருந்தேன்.